பவுடர் பூசிய முகமும் ஓர் ஒளிப்பதிவாளரும்

ஒளிப்பதிவாளர் ஒருவர் தம் புறங்கையை முகத்துக்கு நேரே நீட்டி, அதையே உற்றுப் பார்த்தபடி நிற்பதை நான் முதன்முதலாகக் கண்டது கோலா கெத்தில் என்னும் சிற்றூரிலிருந்து உள்ளே தள்ளியிருக்கும், எண்ணெய் தரும் செம்பனைத் தோட்டம் ஒன்றில். நாற்பத்தைந்து அகவை மதிக்கத்தக்க பெண்மணி. தலையில் துணித் தொப்பி. காலில் தோட்டத் தொழிலாளர் அணியும் ரப்பர்க் காலணி. மர நிழலில் ஓரடி முன்னே வைப்பார், கையைப் பார்ப்பார். ஓரடி பின்னே வைப்பார், மீண்டும் பார்ப்பார். பூச்சி ஏதேனும் கடித்துவிட்டதோ என்று எண்ணி, மருந்து வேண்டுமா என்று கேட்டேன். அவர் சிரித்தார். ஒளியை அளக்கும் கருவி பெட்டியில் இருக்கிறதாம். ஆனால் அது எண்ணை மட்டுந்தான் சொல்லுமாம், தோல் எப்படித் தெரியும் என்று சொல்லாதாம். தம் கையின் நிறமும் தாம் படம்பிடிக்கும் மக்களின் நிறமும் ஏறத்தாழ ஒன்றே என்பதால், கையைப் பார்த்தாலே போதுமாம்.

நான் அங்கே சென்றது உரையாடலைத் திருத்துவதற்காக. படத்தின் இயக்குநர் முப்பதைத் தாண்டாத இளைஞர். பெரிய நிறுவனம் எதுவும் பின்னால் இல்லாமல், நண்பர்களின் உதவியால் எடுக்கப்படும் படம். மொத்தம் ஏழு பேர், ஒரு வேன், இரண்டு கார்கள். தமிழ் பிழையின்றி இருக்க வேண்டும் என்று இயக்குநர் விரும்பினார். வாழ்நாள் முழுவதும் ஆசிரியர் பயிற்சிக் கல்லூரியில் இலக்கணம் நடத்தி ஓய்வுபெற்ற எனக்கு, இந்த அழைப்பு உவப்பாகவே இருந்தது.

என் பணி முதல்நாள் காலையோடு முடிந்துபோயிற்று. கதையின் தாயாக நடிப்பவர் நடிகையல்லர். அதே தோட்டத்தில் உதிரிப்பழம் பொறுக்கும் தொழிலாளி. ஐம்பதை நெருங்கும் அகவை. தோட்டத்தில் அனைவரும் அக்கா என்றே அழைத்ததால் படக்குழுவினரும் அவ்வாறே அழைத்தனர். “சென்று வா மகளே, உடல்நலத்தைப் பேணிக்கொள்” என்று நான் எழுதியிருந்ததை அவரிடம் படித்துக் காட்டினார்கள். அக்கா தாளை வாங்கி ஒருமுறை பார்த்துவிட்டு என்னிடமே திருப்பிக் கொடுத்தார்.

“இப்படிப் பேசினா, அம்மாவுக்கு என்னமோ ஆயிருச்சுன்னு எம்மக என்னை கிளினிக்குக்குத் தூக்கிட்டுப் போயிருவா, சார்.”

பிறகு அவர் தாமாகவே ஒன்றைச் சொன்னார்: “போய்ட்டு வாடி. வேளைக்குச் சாப்பிடு.” அதற்கு மேல் திருத்த எதுவுமில்லை. வேலை இல்லாதவனாகிவிட்ட என்னை அனுப்பிவிட இயக்குநருக்கு மனம் வரவில்லை. ஒரு நெகிழி நாற்காலியைக் கொடுத்து நிழலில் உட்காரவைத்தார். அந்த நாற்காலியிலிருந்துதான் ஓர் ஒளிப்பதிவாளர் வேலை செய்வதை ஒன்பது நாள் பார்க்கும் பேறு எனக்குக் கிட்டியது.

உணவு இடைவேளைகளில் அவர் சொன்னதைக் கொண்டு அவருடைய தொழில் வாழ்க்கையை ஒருவாறு கோத்துக்கொண்டேன். குருண் பக்கத்துத் தோட்டமொன்றில் பால்மரம் வெட்டி ரப்பர்ப்பால் எடுத்தவரின் மகள். பள்ளியின் இறுதி வகுப்பான ஐந்தாம் படிவம் முடித்ததும் சுங்கை பட்டாணியில் ஒரு புகைப்படக் கடையில் வேலைக்குச் சேர்ந்தார். முதலில் விளக்கு தூக்கும் வேலை. பிறகு கணினியில் படங்களைச் செப்பனிடும் வேலை. அதன் பிறகு திருமணங்களை வீடியோ எடுக்கும் வேலை. செமிலிங், பீடோங், குருண் என்று கோயில் மண்டபங்களெல்லாம் சுற்றினார். பன்னிரண்டு ஆண்டுகளில் எத்தனை தாலிகட்டுகளைப் படம்பிடித்தார் என்பது அவருக்கே தெரியாது. தாலி கட்டும் நொடி ஒருமுறைதான் வரும், அதற்குள் ஆயத்தமாக நிற்க வேண்டும், அந்தப் பதற்றமே தமக்குப் பள்ளிக்கூடம் என்றார். தவறவிட்டுவிட்டு, மாப்பிள்ளையை மறுபடியும் கட்டச் சொன்ன ஒளிப்பதிவாளர்களும் உண்டாம். கட்டிய மாப்பிள்ளைகளும் உண்டாம்.

திருமண வேலை சலித்தபோது குருண் தொழிற்சாலைகளுக்காகப் பாதுகாப்புப் படங்கள் எடுத்தார். தலைக்கவசம் அணியுங்கள், கையுறை அணியுங்கள் என்று தொழிலாளர்களுக்குச் சொல்லும் சிறிய படங்கள். இயந்திரத்தின் அருகே நிற்கும் ஒருவரின் கைகளை மட்டும் பார்த்து அவர் களைத்திருக்கிறாரா என்று சொல்லக் கற்றது அங்கேதான் என்றார். அந்த ஊதியத்தில் ஒரு பழைய படக்கருவியை வாங்கி, நண்பர்களின் குறும்படங்களுக்கு ஒளிப்பதிவு செய்யத் தொடங்கினார். பிறகு மூன்று முழுநீளப் படங்கள். அவை திரையரங்குகளை எட்டியதில்லை. அயல்நாட்டுத் திரைப்பட விழாக்களில் ஓடியிருக்கின்றன, இங்கே மண்டபங்களிலும் கல்லூரி அரங்குகளிலும் காட்டப்பட்டிருக்கின்றன.

அந்த மூன்றையும் பின்னர் இரவல் பெற்றுப் பார்த்தேன். அவற்றுள் ஒன்றில், சமையலறையில் ஒரு பெண் அரிசி களைந்துகொண்டிருப்பாள். வெளியே யாரோ கூப்பிட, எழுந்து போவாள். வேறு எவராயினும் அவள் பின்னாலேயே படக்கருவியைக் கொண்டு சென்றிருப்பர். இவர் செல்லவில்லை. களைந்த நீர் பாத்திரத்தில் மெல்லத் தெளிவதைக் காட்டிக்கொண்டு அங்கேயே இருக்கிறார். வெளியே பேச்சு கேட்கிறது. வாக்குவாதம் போலவும் இருக்கிறது. நீர் முழுவதும் தெளிந்து அரிசி தெரியத் தொடங்கும்போது அந்தப் பெண் திரும்பி வந்து, எதுவும் நடவாதது போல் மீண்டும் கையை விட்டுக் கலக்குகிறாள். நான் எழுதும் சிறுகதைகளில் இதைச் செய்யப் பலமுறை முயன்று தோற்றிருக்கிறேன்.

அவருடைய முறையை இத்தகையது என்று சுருக்கிச் சொல்வது கடினம். ஆயினும் சிலவற்றைக் கண்ணாரக் கண்டேன். அவர் விளக்குகளைக் கொண்டுவந்ததைவிடக் கறுப்புத் துணிகளைக் கொண்டுவந்ததே மிகுதி. ஓர் அறைக்குள் நுழைந்தால் வேண்டாத ஒளியை ஒவ்வொன்றாக மறைப்பார். கடைசியில் ஒரு சன்னல் மட்டும் எஞ்சும். அந்தச் சன்னலுக்கு எதிரே ஒரு வெள்ளைத் துணியைத் தொங்கவிட்டு, அது திருப்பித் தரும் மெல்லொளியைக் கொண்டு முகத்தின் மறுபக்கத்தை எழுப்புவார். படக்கருவியின் உயரத்திலும் அவர் விட்டுக்கொடுப்பதில்லை. தரையில் உட்கார்ந்திருப்பவரை எடுக்கத் தாமும் தரையில் உட்காருவார். முழங்கால் வலிக்காதா என்று கேட்டேன். “நின்னுக்கிட்டு எடுத்தா அது துரை பார்வையாயிரும், சார்” என்றார். தோட்ட மேலாளரைத் துரை என்று அழைத்த தலைமுறையில் வளர்ந்தவர் வாயிலிருந்து அந்தச் சொல் வந்தபோது, ஒரு முழுக் கட்டுரையைப் படித்த நிறைவு எனக்கு உண்டாயிற்று.

எல்லாவற்றுக்கும் மேலாக, நிறம். அவர் படங்களில் கறுப்பு என்பது ஒரே கறுப்பு அன்று. காலையில் அது மண்ணின் நிறம். வெயில் ஏறியதும் கன்ன எலும்பில் செம்பு போல மின்னும். மாலையில் கழுத்தின் குழியில் நீலம் படியும். நம் மக்களின் தோலை வெளுக்காமல், வெளுக்க வேண்டும் என்று நினைக்காமல் எடுப்பவர் என்பதே அவருக்கு அமைந்த பெயர். அயல்நாட்டுத் திறனாய்வாளர்கள் பாராட்டியதும் அதையே. அதில்தான் இந்தப் படத்துக்குச் சிக்கல் வந்தது.

படத்தின் கதை எளியது. மணமுடித்த மகளைக் கணவன் வீட்டார் வந்து அழைத்துச் செல்கிறார்கள். தாய் அவர்களுக்கு உணவு பரிமாறுகிறாள், வழியனுப்புகிறாள், உள்ளே வந்து சன்னலோரம் உட்காருகிறாள். அவ்வளவே. அந்தச் சன்னலோரக் காட்சிதான் படத்தின் முடிவு. பேச்சில்லை, இசையில்லை, ஒரு நிமிடத்துக்கு மேல் தாயின் முகம் மட்டும். அந்த முகத்துக்காகவே இந்தப் படத்துக்கு ஒப்புக்கொண்டதாக ஒளிப்பதிவாளர் என்னிடம் சொல்லியிருந்தார். தோட்டத்து அலுவலகம் கொடுத்த இசைவுக் கடிதம் சனிக்கிழமை மாலை ஆறு மணி வரைக்கும்தான். அந்தக் காட்சியை எடுக்க, தோட்டக் குடியிருப்பில் ஆளில்லாத ஒரு வீட்டில் வியாழக்கிழமை ஒளி அமைத்தார்கள்.

அக்கா பவுடர் பூசிக்கொண்டு வந்தார்.

பவுடரை முகமாவு என்றே எழுதிப் பழகியவன் நான். ஆனால் தோட்டத்தில் யாரும் அதை அப்படிச் சொல்வதில்லை என்பதால் இங்கே பவுடர் என்றே எழுதுகிறேன். படமெடுக்கிறார்கள் என்றால் முகம் கழுவிப் பவுடர் பூசுவது நம் வீடுகளில் மூச்சு விடுவதைப் போன்றது. யாரும் சொல்லித் தருவதில்லை. அக்கா முதல்நாள் முதலே பூசிக்கொண்டுதான் வந்திருக்கிறார். செம்பனைக் காட்டில் எடுத்த காட்சிகளில் வியர்வை அதைக் கழுவிவிட்டதால் எவரும் கவனிக்கவில்லை. வீட்டுக்குள் எடுக்கும்போது அது முகத்திலேயே தங்கிவிட்டது. சன்னலொளியில், அக்காவின் முகம் சாம்பல் தூவினாற்போல் படக்கருவியின் சிறுதிரையில் தெரிந்தது.

கழுவிவிட்டு வரச் சொன்னார்கள். மறுக்காமல் கழுவினார், துண்டை எடுக்கப் போனவர் பவுடரோடு திரும்பினார். மீண்டும் சொன்னார்கள், மீண்டும் அப்படியே. கைப்பையில் சிறிய டின் ஒன்று இருந்தது. மூன்றாம் முறை சொன்னபோது அவர் நாற்காலியிலிருந்து எழுந்துவிட்டார்.

“ஆறு ஆள் உயரத்துக்கு என் மூஞ்சி தெரியும்னு நீங்கதான் சொன்னீங்க. சின்னதுலேர்ந்து கறுப்பி கறுப்பின்னு கேட்டது பத்தாதா? இதை வேற ஹால்ல பெருசாப் போட்டு எல்லாருக்கும் காட்டணுமா?”

குரலை உயர்த்தாமல்தான் சொன்னார். சொல்லிவிட்டு வீட்டுக்கு நடந்தார். அன்று படப்பிடிப்பு அதோடு நின்றது. வேறொருவரைக் கொண்டு முடிக்க முடியாது. அதுவரை எடுத்த அத்தனையும் அவர் முகத்தை நம்பி எடுக்கப்பட்டவை.

மாலையில் ஒளிப்பதிவாளர் அவர் வீட்டுக்குப் புறப்பட்டார். துணைக்கு என்னையும் அழைத்தார். தோட்டக் குடியிருப்பில் கடைசி வீடு. குருண் தொழிற்சாலையில் வேலை செய்யும் மகள் அப்போதுதான் சீருடையோடு வந்து சேர்ந்திருந்தாள். அக்கா சினத்தில் இல்லை. தேநீர் கலக்கி, பிஸ்கட்டுகளைத் தட்டில் அடுக்கி வைத்தார். தொலைக்காட்சிக்கு மேலே அவருடைய திருமணப்படம் பெரிய சட்டத்தில் மாட்டியிருந்தது. தூண்களும் நீரூற்றும் வரைந்த திரைச்சீலைக்கு முன்னால் மணமக்கள். மணமகளின் முகம் கோதுமை மாவைப் பிசைந்து செய்தது போன்ற வெளுப்பில் இருந்தது.

ஒளிப்பதிவாளர் தேநீரைக் கையில் வைத்துக்கொண்டு அந்தப் படத்தையே பார்த்தார். எழுந்து அருகே போய்ப் பார்த்தார்.

“இது சுங்கை பட்டாணியில, பழைய பஸ் ஸ்டாண்டு பக்கம் இருந்த கடையில எடுத்ததாக்கா?”

“ஆமா. ஒனக்கெப்படித் தெரியும்?”

“அந்தத் திரைச்சீலையை மாட்டினதே நான்தான். ஒங்க மூஞ்சியை வெளுத்ததும் நான்தான்.” படத்தை விரலால் தொட்டுக் காட்டினார்: “எப்பவும் காதை மறந்துருவேன். இதுலயும் மறந்திருக்கேன், பாருங்க.”

நாங்கள் எல்லோரும் பார்த்தோம். மாவு நிற முகத்தின் இருபுறமும் இரண்டு காதுகள், அக்காவின் சொந்த நிறத்தில் இருந்தன.

அக்கா நெடுநேரம் பார்த்தார். “இத்தனை வருசமா மாட்டி வச்சிருக்கேன், இந்தக் காதைப் பார்த்ததே இல்ல” என்றார். பிறகு ஒளிப்பதிவாளர் பக்கம் திரும்பினார். “சரிதான். அப்ப ஒனக்குத்தான் கைப்பழக்கம் இருக்கே, தங்கச்சி. இப்பவும் வெளுத்துக் குடுத்துரு. காதையும் சேர்த்து.”

மகள் சிரித்துவிட்டாள். அக்காவும் சிரித்தார். ஒளிப்பதிவாளரால் சிரிக்க முடியவில்லை. திரும்பி வரும்போது காரில் ஒரே ஒரு முறைதான் வாய் திறந்தார். கடையை விட்டு ஏன் விலகினீர்கள் என்று முன்பொருநாள் நான் கேட்டதற்கு, கணினியைப் பிடித்துப் பிடித்துக் கை வலித்தது என்று விளையாட்டாகச் சொல்லியிருந்தார். அது முழு உண்மை அன்று என்றார். எதிரே வந்து உட்கார்ந்த ஒவ்வொரு பெண்ணையும், கேட்காமலேயே வெளுத்துக் கொடுத்தார்களாம். கேட்க வேண்டும் என்றுகூட எவருக்கும் தோன்றவில்லையாம்.

வெள்ளிக்கிழமை காலையில் இயக்குநர் ஒரு வழி கண்டுபிடித்தார். பவுடர் இல்லாமல் எடுத்துக்கொள்வோம், பின்னர்க் கணினியில் வெளுத்துவிடுவோம் என்று அக்காவிடம் சொல்லிவிடுவது, வெளுக்காமல் விட்டுவிடுவது. படம் முடிந்து திரையில் பார்க்கும்போது அவருக்கே பிடித்துவிடும் என்பது அவர் நம்பிக்கை. “ஐயா சொன்னா அவங்க நம்புவாங்க” என்று என்னைப் பார்த்தார். உண்மையைச் சொல்ல வேண்டுமெனில், நான் இசைந்தேன். ஒரு நல்ல படம் முடங்குவதைவிட ஒரு சிறு பொய் தாழ்வில்லை என்று எண்ணினேன்; எப்படிச் சொல்வது என்று சொற்றொடரைக்கூட மனத்தில் அமைத்துவிட்டேன்.

ஒளிப்பதிவாளர் முடியாது என்றார். “அவங்க அதைப் பார்க்கிற அன்னிக்கு நானும் அந்த ஹால்லதான் ஒக்காந்திருக்கணும், சார். ஒரு தடவை கேக்காம செஞ்சது போதும்.”

அவர் சொன்ன வழி வேறு. காட்சியை இரண்டு முறை எடுப்பது: ஒரு முறை பவுடரோடு, ஒரு முறை பவுடர் இல்லாமல். இரண்டையும் அக்காவிடம் போட்டுக் காட்டுவது. அவர் எதைச் சொல்கிறாரோ அதுதான் படத்தில் இருக்கும்.

இயக்குநர் முகம் சிவந்தது. “படத்துல எது இருக்கணும்னு முடிவு பண்றது யாரு? நீங்களா, அவங்களா?”

“மூஞ்சி அவங்களோடது, தம்பி.”

இந்த உரையாடல் நடந்தபோது அவர் எதைப் பணயம் வைத்தார் என்பதை நான் அறிந்தேயிருந்தேன். அக்கா பவுடரைத் தேர்ந்தெடுத்தால், தோலை உள்ளபடி காட்டுபவர் என்ற அவருடைய பெயர் ஒரு டின் பவுடருக்குள் போய்விடும். அதுவும் அவர் இவ்வளவு நாள் காத்திருந்த காட்சியில். அரை நாள் வாதத்துக்குப் பின் இயக்குநர் இணங்கினார். வேறு வழியும் அவருக்கில்லை. நண்பகலில் செய்தி அனுப்ப, அக்கா வர ஒப்புக்கொண்டார்.

சனிக்கிழமை பிற்பகல் இரண்டு மணிக்கு முதல் முறை எடுத்தார்கள், பவுடரோடு. பிறகு அக்கா முகம் கழுவி வந்தார். இரண்டாம் முறை எடுத்தார்கள். கண்ணாடித் தகடுகள் அடுக்கிய சன்னல் வழியே ஒளி கோடுகோடாக விழுந்து, எதிரே தொங்கிய வெள்ளைத் துணியில் பட்டுத் திரும்பி, ஈரம் உலராத அந்த முகத்தில் படிந்தது. கண்ணுக்குக் கீழே நிழல், மூக்கின் விளிம்பில் ஒரு துளி வெளிச்சம், நெற்றியில் பழைய வடு. அதைப்போன்ற ஒரு முகத்தை நான் திரையில் கண்டதில்லை. இயக்குநர் என் தோளை அழுத்தினார். இதைப் பார்த்தபின் எவரும் வேறொன்றைத் தேர்ந்தெடுக்க மாட்டார்கள் என்பதே அந்த அழுத்தத்தின் பொருள்.

சிறுதிரையின் முன்னால் அக்காவையும் மகளையும் உட்காரவைத்து, வெளிச்சம் படாமல் கறுப்புத் துணியால் மறைத்து, இரண்டையும் போட்டுக் காட்டினார்கள். அக்கா முதலாவதைப் பார்த்தார். இரண்டாவதைப் பார்த்தார், மறுபடியும் போடச் சொன்னார், மூன்றாம் முறையும் பார்த்தார்.

“இது நல்லாத்தான் இருக்கு” என்றார். “இவ்வளவு நல்லா இருக்கும்னு நெனைக்கல. ஆனா இது வேணாம்.”

அவரே தொடர்ந்தார்.

“இது நான் வேலைக்குப் போற மூஞ்சி. கதையில என்ன நடக்குது? மகளைக் கூட்டிட்டுப் போகச் சம்பந்தி வீட்டுலேர்ந்து வந்திருக்காங்க. சோறு போட்டு இப்பத்தான் அனுப்பி வச்சிருக்கா. சம்பந்தி வர்ற அன்னிக்கு இந்தத் தோட்டத்துல எந்தப் பொம்பளையாவது மூஞ்சி கழுவிப் பவுடர் போடாம வாசல்ல வந்து நிப்பாளா? நீயே சொல்லு, தங்கச்சி.”

கறுப்புத் துணிக்குள்ளிருந்து வந்த அந்தக் குரலை நான் இன்றும் அப்படியே கேட்கிறேன். எட்டு நாள் ஒரு தாயின் வாழ்வைப் படம்பிடித்த நாங்கள், எழுதி இயக்கியவர், ஒளிதந்தவர், தமிழைத் திருத்த வந்த நான் உட்பட, சம்பந்தி வருகிற நாளில் அவள் கண்ணாடி முன் நிற்பாள் என்பதை நினைக்கவில்லை. பவுடரை ஒரு பொய்யாகவே பார்த்துவிட்டோம். அக்கா அதை அந்த நாளின் உண்மையாகப் பார்த்தார். தம்மைப் பெரிதாக்கிக் காட்டுவார்கள் என்ற அச்சத்தில் தொடங்கியவர், காட்சிகளைப் பார்த்தபின் கதைக்குள் நின்று பேசினார்.

ஒளிப்பதிவாளர் சிறிது நேரம் துணியின் மடிப்பைச் சரிசெய்துகொண்டிருந்தார். பிறகு, “அக்கா சொல்றதுதான் சரி. நாங்க யாருமே யோசிக்கல” என்றார்.

இயக்குநர் கைக்கடிகாரத்தைப் பார்த்தார். மணி மூன்றே முக்கால். முதல் முறை எடுத்த பவுடர்க் காட்சி இருக்கிறதே, அதையே வைத்துக்கொள்வோம் என்றார். ஒளிப்பதிவாளர் ஏற்கவில்லை. அது வெறும் தோலுக்காக அமைத்த ஒளியில் எடுத்தது. பவுடர் அதில் வெளிறிப்போய் முகத்தையே விழுங்கிவிட்டது. அக்கா தேர்ந்தெடுத்ததை அரைகுறையாக எடுத்துக்கொடுத்தால், அது தேர்வைத் தண்டிப்பதாகும் என்றார்.

அதன் பின் இரண்டு மணி நேரம் நான் கண்டது ஒரு கலைஞர் தம் பழக்கத்தைத் தாமே கலைத்துப்போடும் காட்சி. எதிரே தொங்கிய வெள்ளைத் துணியை முதலில் அவிழ்த்தார். அக்கா வீட்டுக் கொடியில் காய்ந்துகொண்டிருந்த பழுப்பு நிறக் கைலியொன்றைக் கேட்டு வாங்கி அந்த இடத்தில் தொங்கவிட்டார். சன்னலின் கீழ்த் தகடுகளை மூடினார். புறங்கையை நீட்டிப் பார்த்தவர், தலையை அசைத்து, மகளிடம் அந்தச் சிறு டின்னை வாங்கித் தம் கையிலேயே பவுடரைப் பூசிக்கொண்டு மீண்டும் நீட்டிப் பார்த்தார். ஒளி இன்னும் கூடுதலாக இருந்தது. ஞாயிறு செம்பனை ஓலைகளுக்குப் பின்னால் இறங்கட்டும் என்று காத்திருந்தார். இயக்குநர் வாசலுக்கும் சன்னலுக்குமாக நடந்தார். ஐந்தரைக்கு அலுவலகத்திலிருந்து ஒருவர் மோட்டார் சைக்கிளில் வந்து, தோட்டத்தின் வாயிற்கதவைப் பூட்ட வேண்டும் என்று நினைவூட்டிவிட்டு, போகாமல் அங்கேயே நின்றார்.

“பவுடரைக் குறைச்சுக்கவா?” என்று அக்கா கேட்டார்.

“வேணாம்கா. சம்பந்தி வந்தா எப்படிப் போடுவீங்களோ அப்படியே போடுங்க. எங்களுக்காக ஒண்ணும் செய்ய வேணாம்.”

அக்கா சன்னல் தகட்டில் முகம் பார்த்துப் பூசிக்கொண்டார். ஒளிப்பதிவாளர் தரையில் உட்கார்ந்தார். ஓலைகளின் ஊடே வந்த மஞ்சள் வெயில் கைலியில் பட்டுப் பழுப்பாகித் திரும்பியது. இப்போது பவுடர் வெளுப்பாகத் தெரியவில்லை, பவுடராகத் தெரிந்தது. அது கழுத்தில் எங்கே முடிகிறது, அதன் கீழே தோல் எங்கே தொடங்குகிறது, நெற்றி ஓரத்தில் அவசரத்தில் எங்கே தேய்க்காமல் விடப்பட்டது, எல்லாம் தெரிந்தன. அதைப் பூசிய கையே தெரிந்தது. அன்று காலையில் எழுந்து, எல்லோருக்கும் சமைத்து, முகம் கழுவி, தன்னை நல்லபடியாக வைத்துக்கொள்ள விரும்பிய ஒரு பெண், எல்லோரும் போனபின் அங்கே உட்கார்ந்திருந்தாள். காதோரத்திலிருந்து ஒரு வியர்வைக் கோடு இறங்கிப் பவுடரைப் பிளந்துகொண்டு தாடை வரை வந்தது. ஒளிப்பதிவாளர் அசையவில்லை. மோட்டார் சைக்கிள்காரர் தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்திருந்ததை நான் பிறகுதான் கவனித்தேன்.

தோலை வெளுக்காமல் காட்டுவது அவர் கலை என்று நான் எழுதியிருந்தால், அது குறைபட்ட வாக்கியம். ஒருவர் தம்மை எப்படிக் காட்டிக்கொள்ள விரும்புகிறாரோ, அந்த விருப்பத்தையும் சேர்த்தே காட்டுவது அவர் கலை. அதை அவர் அன்று மாலைதான் கற்றார் என்று அவரே என்னிடம் சொன்னார். புகழ்பெற்ற ஒருவர் தாம் கற்றதை, அதைக் கற்பித்தவர் காதில் விழும்படி சொன்னதற்காகவும் அவரை நான் மதிக்கிறேன்.

சில மாதங்கள் கழித்து, ஒரு ஞாயிற்றுக்கிழமை பிற்பகல், சுங்கை பட்டாணியில் ஒரு மண்டபத்தில் படத்தைத் திரையிட்டார்கள். மடக்கு நாற்காலிகள், சுவரில் மின்விசிறிகள். தோட்டத்திலிருந்து ஒரு பேருந்து நிறைய வந்திருந்தார்கள். அக்கா பட்டுப்புடவையில் இரண்டாம் வரிசையில் மகளோடு உட்கார்ந்தார். ஒளிப்பதிவாளர் அவருக்கு நேர் பின்னால் உட்கார்ந்தார். அவர் பக்கத்தில் நான். கடைசிக் காட்சி வந்தது. ஆறு ஆள் உயரத்துக்கு அக்காவின் முகம். என் பக்கத்தில் இருந்தவர் திரையைப் பார்க்கவில்லை. முன்னாலிருந்த அக்காவின் கொண்டையையே பார்த்துக்கொண்டிருந்தார். ஒரு நிமிடத்துக்கு மேல் அது அசையவேயில்லை. பிறகு மகள் பக்கம் சாய்ந்தது.

“பவுடர் கொஞ்சம் கூடிப்போச்சுலா.”

ஒளிப்பதிவாளர் முன்னால் குனிந்தார். “அடுத்த படத்துல கொறைச்சுக்கலாம்கா.”

“நீதான் எடுக்கணும்” என்றார் அக்கா, திரையிலிருந்து கண்ணை எடுக்காமல்.